அணிக்குச் சொந்தக்காரர் யார்?

சில மாதங்களாக நம் சங்கத்து இளைஞர்கள் வாயில் ஒரு பெயர் அடிபட்டுக்கொண்டிருக்கிறது. சமத் பலிஹபிட்டிய. இலங்கையில் பிறந்தவர். கனடாவில் அகதியாக வளர்ந்தவர். அமெரிக்காவில் பெரும்பணம் சேர்த்தவர். முப்பது வயதுகளின் நடுவிலேயே ஒரு தொழில்முறைக் கூடைப்பந்து அணியில் பங்கு வாங்கி, அதன் முதலாளிகளில் ஒருவராக உட்கார்ந்தவர். கரமனைப் பக்கம் இஸ்திரி வண்டி வைத்திருக்கும் நம் அங்கத்தினர் ஒருவரின் மகன், பிளஸ் டூ படிக்கிற தம்பி, கைப்பேசியில் அவர் படத்தைக் காட்டி, "பாருங்க அண்ணாச்சி, நம்மள மாதிரிப் பிழைக்கப் போன வீட்டுப் பிள்ளைதான். இன்னைக்கு டீமுக்கே ஓனர். நாமளும் இப்படி ஆகணும்" என்றான்.

தம்பி சொன்ன கதை மெய்தான். அதன் மறுபாதியை அவனுக்கு யாரும் சொல்லவில்லை. நம் வீட்டுப் பிள்ளைகள் எதற்கு ஆசைப்பட வேண்டும் என்பதை இன்று கைப்பேசிதான் தீர்மானிக்கிறது. அப்படியிருக்க, அந்த மறுபாதியை இந்த ஏட்டில் எழுதாமல் வேறு எங்கே எழுதுவது?

முதலில் அவருக்குரிய மரியாதையைக் கொடுத்துவிடுவோம். 1976இல் இலங்கையில் பிறந்த அவருக்கு ஆறு வயதிருக்கும்போது குடும்பம் கனடாவுக்குப் போயிற்று. தந்தைக்கு ஒட்டாவாவிலிருந்த இலங்கைத் தூதரகத்தில் வேலை. வேலைக் காலம் முடிந்தபின் ஊர் திரும்ப அஞ்சி, அகதிகளாக அங்கேயே தங்கினார்கள். ஒரு சலவைக் கடையின் மாடியில் சிறு வீடு. பள்ளிக்கூடத்துப் பையன் பர்கர் கிங் உணவுக்கடையில் கூலிக்கு நின்றான். பிறகு வாட்டர்லூ பல்கலைக்கழகத்தில் மின்பொறியியல்; அமெரிக்கா; 2007இல் பேஸ்புக். 2011இல் அங்கிருந்து வெளியேறிச் சொந்த முதலீட்டு நிறுவனம். சலவைக்கடை மாடி வாழ்க்கை எப்படியிருக்கும் என்று, வேட்டி சேலைகளின் ஆவியிலேயே பிள்ளை வளர்க்கும் நம் குடும்பங்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. அந்த நிலையிலிருந்து மேலே வந்தவரின் படிப்பையும் உழைப்பையும் பழிப்பதற்கு இங்கே யாருமில்லை.

அவர் சிங்களவர், நாம் தமிழர் என்பதும் ஒரு பொருட்டல்ல. அந்தத் தீவிலிருந்து உயிரைக் கையில் பிடித்து ஓடிவந்தவர்களின் வேதனையை நாம் அறிவோம். 1964இல் கையெழுத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் மலையகத் தமிழர்களைக் கணக்குப் பார்த்துப் பங்கு பிரித்தபோது, இந்தியாவின் பங்காக வந்து சேர்ந்தவர்களில் ஒரு பகுதியினர் இதோ அடுத்த மாவட்டத்துப் புனலூரில்தான் ரப்பர் மரம் சீவினார்கள். அவர்களைக் குடியமர்த்தவே 1976இல் அங்கே பொதுத்துறைத் தோட்டக் கம்பெனி ஒன்று நிறுவப்பட்டது. 1983 ஜூலைக்குப் பிறகு ஓடியவர்களைப் பற்றிச் சொல்லவும் வேண்டுமா? அகதி என்றால் யார் என்று நமக்குத் தெரியும். அதனால்தான் இந்த மனிதரின் கதை நம்மைச் சேர்கிறது. அதனால்தான் அதன் பிற்பகுதி நமக்கு உறைக்கவும் செய்கிறது.

2010இல் கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸ் என்ற அணியை ஒரு முதலீட்டாளர் கூட்டம் வாங்கியது. தலைமை தாங்கியவர்கள் ஜோ லேகப், பீட்டர் கூபர் என்ற இருவர். விலை 45 கோடி டாலர். அந்தக் கூட்டத்தில் சேர்ந்த இளைய பங்காளிகளில் ஒருவர்தான் பலிஹபிட்டிய. ஆக, அவர் "டீமுக்கே ஓனர்" அல்ல. பலருள் ஒருவர், சிறுபங்குக்காரர். இந்த வேறுபாட்டைத் தம்பிமார்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். சமயம் வந்தபோது அந்த அணியே இதை உலகத்துக்கு உரக்கச் சொன்னது. அதற்குப் பின்னால் வருகிறேன்.

45 கோடிக்கு வாங்கிய அணியின் மதிப்பு 2024இல் 880 கோடி டாலர் என்று போர்ப்ஸ் பத்திரிகை கணக்கிட்டது. பதினான்கு ஆண்டுகளில் ஏறக்குறைய இருபது மடங்கு! சென்ட் நிலம் வாங்கிப் போட்டவனுக்குக்கூட இந்த யோகம் கிடைப்பதில்லை. இந்த ஏற்றம் எங்கிருந்து வந்தது? முதலாளிகளின் மூளையிலிருந்து என்று வணிகப் பத்திரிகைகள் எழுதுகின்றன. ஓரளவு உண்மையாகவே இருக்கட்டும். நல்ல ஆட்டக்காரர்களைத் தேர்ந்தார்கள், நல்ல பயிற்சியாளரை அமர்த்தினார்கள். ஆனால் 2015, 2017, 2018, 2022 ஆகிய நான்கு ஆண்டுகளிலும் பட்டம் வென்றபோது அணியின் உயிராக நின்றவர் ஸ்டீபன் கறி. அவரை அந்த அணி எடுத்தது 2009இல். அதாவது புதிய முதலாளிகள் வருவதற்கு முந்தைய ஆண்டு. காய்க்கத் தொடங்கிய மாமரத்தோடு தோப்பை விலைக்கு வாங்கினார்கள் என்று நான் சொன்னால் குற்றமாகுமா?

அமெரிக்கக் கூடைப்பந்தின் தொழிற்சங்கக் கதையும் நம் பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டும். ஆம், கோடீஸ்வர ஆட்டக்காரர்களுக்கும் சங்கம் இருக்கிறது! 1954இல் பாப் கூசி என்ற ஆட்டக்காரர் முன்னின்று அமைத்த சங்கம் அது. அந்த நாளில் அவர்களுக்கு ஓய்வூதியம் கிடையாது. 1964 ஜனவரியில் பாஸ்டன் நகரில் நட்சத்திர ஆட்டம். முதன்முறையாகத் தொலைக்காட்சியில் நாடு முழுவதும் காட்டப்போகிறார்கள். ஆட்டக்காரர்கள் உடைமாற்றும் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு, "பென்ஷனுக்கு வாக்குக் கொடுத்தால்தான் களத்தில் இறங்குவோம்" என்று உட்கார்ந்துவிட்டார்கள். வாயிலில் வந்து மிரட்டிய முதலாளிகளும் உண்டு. நேரம் ஓடிற்று, தொலைக்காட்சிக்காரர்கள் துடித்தார்கள், கடைசியில் நிர்வாகம் வாக்குக் கொடுத்தது. ஆட்டம் நடந்தது. சாலைச் சந்தையில் சுமை இறக்குகிறவர்கள் லாரி வந்து நிற்கும் நேரம் பார்த்துக் கூலி பேசுவது போலத்தான். விஷயம் ஒன்றே, உயரம்தான் வேறு.

முதலாளிகளும் சும்மா இருக்கவில்லை. 2011இல், அதாவது இந்தப் புதிய கூட்டம் வாரியர்ஸ் அணியை வாங்கிய மறு ஆண்டில், முப்பது அணிகளின் முதலாளிகளும் ஒன்றுகூடிக் கதவடைப்புச் செய்தார்கள். 161 நாள். 82 ஆட்டங்கள் ஆட வேண்டிய பருவம் 66 ஆகக் குறைந்தது. வருமானத்தில் 57 விழுக்காடு பெற்றுவந்த ஆட்டக்காரர்கள் ஏறக்குறையப் பாதிக்கு இறங்கி வந்தார்கள். அப்படி மிஞ்சிய பணம் யார் பக்கம் போயிற்று என்பதைச் சொல்லத் தேவையில்லை. அணிகளின் விலை ஏன் மளமளவென்று ஏறியது என்பதற்கு இதுவும் ஒரு காரணம். கதவடைப்பு என்ற சொல்லைக் கேட்டாலே வயிறு கலங்கும் முந்திரி ஆலைக் குடும்பங்கள் நம்மிடையே உண்டு. அவர்களுக்கு இந்தக் கணக்கு புரியும்.

இனி ஊரைப் பார்ப்போம். வாரியர்ஸ் அணி பல பத்தாண்டுகளாக ஆடிவந்த ஊர் ஓக்லாந்து. துறைமுகத் தொழிலாளர் ஊர், கறுப்பின மக்கள் பெருவாரியாக வாழ்ந்த ஊர். கறுஞ்சிறுத்தைகள் இயக்கம் 1966இல் பிறந்ததும் அங்கேதான். அணி தோற்றுக்கொண்டே இருந்த காலத்திலும் அந்த மக்கள் டிக்கெட் வாங்கி வந்து கத்தினார்கள். அணியைத் தக்கவைத்துக்கொள்ள 1996இல் ஓக்லாந்து நகரமும் அதன் மாவட்ட நிர்வாகமும் கடன் பத்திரம் விற்று உள்ளரங்கத்தைப் புதுப்பித்துக் கொடுத்தன. பொதுப்பணம். பட்டங்கள் குவிந்தன, மதிப்பு ஏறிற்று, 2019இல் அணி விரிகுடாவின் மறுகரையிலுள்ள பணக்கார சான் பிரான்சிஸ்கோவுக்குக் குடிபெயர்ந்தது. போனதுகூடப் பரவாயில்லை. பழைய அரங்கத்துக் கடனில் பாக்கி நின்ற 4 கோடி டாலருக்கு மேற்பட்ட தொகை எங்கள் பொறுப்பல்ல என்று வழக்காடினார்கள். 2018இல் நடுவர் அவர்கள்தான் கட்ட வேண்டும் என்று தீர்ப்பளித்தார். நீதிமன்றங்களும் அதையே உறுதி செய்தன. பல நூறு கோடி மதிப்புள்ள அணி, தான் வளர்ந்த ஊருக்குக் கொடுக்க வேண்டிய பாக்கிக்காக நீதிமன்றப் படி ஏறியது. வாடகை வீட்டைக் காலி செய்யும்போது கரண்டு பில்லைக் கட்டாமல் போகிறவனை நாம் என்ன பெயர் சொல்லி அழைப்போம்?

ஓக்லாந்தின் கால்பந்து அணி 2020இல் லாஸ் வேகாஸுக்குப் போயிற்று. பேஸ்பால் அணி 2024 பருவத்தோடு புறப்பட்டது. ஒன்றுகூட மிச்சமில்லை. சொந்தக்காரர் என்று பத்திரம் வைத்திருப்பவர்கள் போய்விட்டார்கள். சொந்தம் என்று நினைத்துக்கொண்டிருந்தவர்கள் அங்கேயே இருக்கிறார்கள்.

2020 மார்ச்சில் கொரோனா வந்து ஆட்டங்கள் நின்றபோது, புதிய அரங்கத்தில் தின்பண்டம் விற்றவர்கள், துடைத்துப் பெருக்கியவர்கள், வாயிலில் நின்றவர்கள் ஒரே நாளில் கூலியிழந்தார்கள். முதலாளிகளும் ஆட்டக்காரர்களும் பயிற்சியாளர்களும் சேர்ந்து அவர்களுக்காக 10 லட்சம் டாலர் நிதி அறிவித்தார்கள். நல்ல காரியம், மறுக்கவில்லை. இருந்தாலும் அந்த 10 லட்சத்தை 880 கோடியின் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். ஆட்டம் நடந்தால் கூலி, நின்றால் தானம் என்ற ஏற்பாட்டில் எந்தத் தொழிலாளி தலைநிமிர முடியும்?

இனி, பின்னால் சொல்கிறேன் என்ற இடத்துக்கு வருகிறேன். 2022 ஜனவரியில் பலிஹபிட்டிய தம் நண்பர்களோடு நடத்தும் ஒலிபரப்பு ஒன்றில், சீனாவில் உய்குர் மக்கள் படும் பாடு குறித்துப் பேச்சு வந்தது. லட்சக்கணக்கில் முகாம்களில் அடைக்கப்பட்டவர்கள் என்று உலகம் பேசிக்கொண்டிருந்த சிறுபான்மை மக்கள் அவர்கள். இந்த மனிதர் சொன்னதன் சாரம் இது: உய்குர்களுக்கு என்ன ஆகிறது என்பதைப் பற்றி யாருக்கும் கவலையில்லை, என் கவலைகளின் வரிசையில் அது என் கோட்டுக்குக் கீழே கிடக்கிறது. உலகமே கூச்சலிட்டது. உடனே வாரியர்ஸ் அணி அறிக்கை விட்டது. அவர் வரம்புக்குட்பட்ட ஒரு முதலீட்டாளர் மட்டுமே, அன்றாட நிர்வாகத்தில் அவருக்கு வேலையில்லை, அணியின் சார்பில் அவர் பேசவில்லை என்று. பட்டம் வாங்கும் நாளில் முதலாளி, வாய் தவறிய நாளில் வெறும் பங்குக்காரர்!

பிறகு அவரே விளக்கம் எழுதினார். இரக்கமற்றவனாகத் தோன்றிவிட்டேன், மனித உரிமைக் கேடுகள் நிறைந்த நாட்டிலிருந்து அகதியாக ஓடிவந்த குடும்பம் என்னுடையது, அது என் வாழ்வனுபவம் என்று. எழுதியதை வரவேற்கலாம். ஆனாலும் முதலில் வந்த சொல் எது? ஒட்டாவாவில் அந்தச் சலவைக்கடை மாடியில் ஒரு குடும்பம் பிழைத்திருந்ததே, எப்படி? தங்களுக்குச் சம்பந்தமில்லாத ஒரு தீவின் துன்பத்தைத் தம் கவலைக் கோட்டுக்கு மேலே வைத்த கனடாக்காரர்கள் சிலர் இருந்ததால்தானே? அந்த நாளில் ஓர் அதிகாரி "இலங்கையில் என்ன நடந்தால் யாருக்கென்ன?" என்று விண்ணப்பத்தைத் தள்ளியிருந்தால் இந்தக் கதையே இல்லை.

அவரைத் திட்டுவதற்காக இதை எழுதவில்லை. மேலே ஏறிய ஒருவர் கீழே இருப்பவர்களை மறந்தார் என்று தனிமனிதக் குணத்தின் மேல் பழிபோட்டுவிட்டால் காரியம் எளிது. அந்த இடமே அப்படிப்பட்டது என்பதுதான் என் எண்ணம். சீனா அந்தக் கூடைப்பந்து லீகுக்குப் பெரிய சந்தை. 2019இல் ஹாங்காங் போராட்டக்காரர்களுக்கு ஆதரவாக ஹூஸ்டன் அணியின் மேலாளர் ஒரு வரி எழுதியதற்கே சீன அரசுத் தொலைக்காட்சி ஆட்ட ஒளிபரப்பை நிறுத்திவிட்டது. லீகின் வருமானத்தில் அது விழுந்த அடி எல்லோருக்கும் நினைவிருந்தது. முதலீடு என்பது எதைப் பற்றிக் கவலைப்படலாம், எதைப் பற்றிக் கவலைப்படக்கூடாது என்று மெல்ல மெல்லக் கற்றுக்கொடுக்கும் பள்ளிக்கூடம். அகதியாயிருந்தாலும் அங்கே பாடம் ஒன்றுதான்.

பணத்தின் இன்னொரு பாடம். 2019இல் அவர் ஒரு வெற்றுக் கம்பெனி மூலமாக, விண்வெளிப் பயணம் விற்கும் வர்ஜின் கேலக்டிக் நிறுவனத்தைப் பங்குச் சந்தைக்குக் கொண்டுவந்தார். முதலில் பொதுமக்களிடம் பணம் திரட்டிவிட்டு, அப்புறம் எந்தத் தொழிலில் போடலாம் என்று தேடுவதுதான் வெற்றுக் கம்பெனி முறை. அவர் பெயரை நம்பிச் சில்லறை முதலீட்டாளர்கள் பலர் உள்ளே வந்தார்கள். 2021 மார்ச்சில் அவர் தம் சொந்தப் பங்குகளைச் சுமார் 21 கோடி டாலருக்கு விற்றார். பின்னர் அந்தப் பங்கு தரைமட்டமாயிற்று. சட்டப்படி தவறில்லை என்கிறார்கள். சீட்டுப் பிடித்தவர் முதல் ஏலத்திலேயே எடுத்துக்கொண்டு போனால் நாம் என்ன சொல்வோமோ, அதையே சொல்லிவிட்டு மேலே போவோம்.

சரி, அமெரிக்காவை விடுங்கள், நாம் வாழும் திருவனந்தபுரத்தில் கூடைப்பந்து அணி யாருடையது என்று கேட்டால் பதில் பட்டத்தில் இருக்கிறது. அங்கே வைத்யுதி பவனில் தலைமையகம் வைத்திருக்கும் கேரள மின்வாரியம், கே.எஸ்.இ.பி., நாட்டின் சிறந்த பெண்கள் கூடைப்பந்து அணிகளில் ஒன்றை நடத்திவருகிறது. நாம் மாதாமாதம் கரண்டு பில் கட்டுகிறோமே, அந்த மின்வாரியம்தான். வயநாட்டிலிருந்து வந்த பி.எஸ். ஜீனா அங்கே ஊழியர். இந்திய அணிக்குத் தலைமை தாங்கியவர். ஆஸ்திரேலியாவில் போய்த் தொழில்முறையில் ஆடியவர். 2018 ஜனவரியில் சென்னையில் நடந்த தேசியப் போட்டியில் கேரளப் பெண்கள் பலம் வாய்ந்த ரயில்வே அணியை இறுதியாட்டத்தில் வீழ்த்திப் பட்டம் வென்றார்கள். அந்த அணியின் முதுகெலும்பு மின்வாரியத்துப் பெண்கள்தான்.

எதிர்த்திசையில் போனவரும் உண்டு. கேரளத்துப் பெண் கீது அன்னா ஜோஸ் சென்னைக்குப் போய்த் தென்னக ரயில்வேயில் வேலை பெற்று ஆடினார். 2011இல் அமெரிக்கப் பெண்கள் லீக் அணிகள் அவரைத் தேர்வுக்கு அழைத்தன; அப்படி அழைக்கப்பட்ட முதல் இந்தியப் பெண் அவர். நாம் வேலை தேடி இந்தப் பக்கம் வந்தோம், அவர் வேலை கிடைத்து அந்தப் பக்கம் போனார். பந்துதான் சீட்டு, வேலைதான் வீடு.

மின்வாரியம் மட்டுமா? கொச்சுவேளியில் டைட்டானியம் தொழிற்சாலைக்குக் கால்பந்து அணி இருந்தது. திருவிதாங்கூர் ஸ்டேட் பாங்குக்கு இருந்தது. கேரளப் போலீஸ் அணி 1990இலும் 1991இலும் பெடரேஷன் கோப்பையைக் கைப்பற்றியது. வெள்ளயம்பலத்து உள்ளரங்கத்துக்குப் பெயர் தந்த ஜிம்மி ஜார்ஜ், போலீஸ் வேலையிலிருந்தபடி கைப்பந்தாடியவர். பிறகு அபுதாபிக்கும் இத்தாலிக்கும் ஆடப்போய், 1987இல் இத்தாலியிலேயே கார் விபத்தில் மாண்டார். அவரும் பிழைக்கப் போனவர்தான். திருச்சூர் மைதானத்தில் சோடா விற்றுக்கொண்டிருந்த ஐ.எம். விஜயனுக்குப் பதினேழு வயதில் போலீஸ் அணி இடம் கொடுத்தது. அந்தப் பையன் இந்திய அணியின் தலைவரானார். 2025இல் பத்மஸ்ரீ பெற்றார். பர்கர் கடைப் பையன் பங்குக்காரரான கதை நம் பிள்ளைகளின் கைப்பேசிக்குத் தானாக வந்து சேருகிறது. சோடாக்காரப் பையனின் கதையை நாம் சொன்னால்தான் உண்டு.

இந்த அணிகளை யாரும் 45 கோடிக்கு வாங்கி 880 கோடிக்கு விற்க முடியாது. விலையே இல்லாத அணிகள். அதனால்தான் இன்று அவற்றுக்கு மதிப்பில்லை என்கிறார்கள். திருவிதாங்கூர் ஸ்டேட் பாங்க் 2017 ஏப்ரலில் பெரிய வங்கியில் கரைந்தது, எஸ்.பி.டி. என்ற மூன்றெழுத்து பனியனிலிருந்து அழிந்தது. டைட்டானியம் பெயரைச் சொன்னால் இந்தக் காலப் பையன்களுக்குப் பெயின்ட் ஞாபகம்கூட வருவதில்லை.

தனியார் வந்து ஆட்டத்தை வளர்ப்பார்கள் என்று சொல்லப்பட்டது. 1997இல் எப்.சி. கொச்சின் வந்தது, நாட்டின் முதல் முழுத் தொழில்முறைக் கால்பந்துக் கழகம் என்று ஆரவாரம். ஐந்தாறு ஆண்டுகளில் சம்பளப் பாக்கியோடு மூடப்பட்டது. கூடைப்பந்தில் 2015இல் யு.பி.ஏ. என்ற லீக் அமெரிக்கப் பணத்தோடு வந்தது, சென்னை ஸ்லாம் என்றுகூட ஓர் அணி இருந்தது. 2017க்குப் பின் லீகும் இல்லை, ஸ்லாமும் இல்லை. லீக் போனதும் ஆட்டக்காரர்கள் எங்கே திரும்பினார்கள்? வங்கிக்கும் ரயில்வேக்கும், மேசைக்குப் பின்னாலிருந்த தம் நாற்காலிக்கும். அந்த நாற்காலியும் போய்விட்டால் பந்தைத் தொடும் ஏழைப் பிள்ளைக்கு மிஞ்சுவது என்ன?

தனியார் பணம் வரவே கூடாது என்று நான் சொல்லவில்லை. 2024இல் சூப்பர் லீக் கேரளாவில் திருவனந்தபுரம் கொம்பன்ஸ் வந்தது. கிரிக்கெட் லீகில் திருவனந்தபுரம் ராயல்ஸ் வந்தது. சில இளைஞர்களுக்குச் சம்பளம் கிடைக்கிறது, கிடைக்கட்டும். கொம்பன்ஸ் ஆடியது போலீசாரின் சந்திரசேகரன் நாயர் மைதானத்தில். மைதானம் பொதுச்சொத்து, அணி தனிச்சொத்து. அப்படியானால் அந்த மைதானத்தைச் சுற்றிக் குடியிருக்கிறவர்களுக்கு, கூப்பிடு தூரத்தில் ராஜாஜி நகர்க் குடியிருப்பில் வளரும் பிள்ளைகளுக்கு, அதில் என்ன பாத்தியதை என்று கேட்கும் உரிமை நமக்கு உண்டு.

கேட்டால் என்ன பதில் வரும் என்பதற்கும் ஒரு முன்மாதிரி இருக்கிறது. 2023 ஜனவரி 15 அன்று காரியவட்டம் கிரீன்பீல்டு மைதானத்தில் இந்தியா–இலங்கை ஒருநாள் ஆட்டம். கேளிக்கை வரி 5 விழுக்காட்டிலிருந்து 12 ஆக ஏறியது. டிக்கெட் 1000 ரூபாய், 2000 ரூபாய். குறைக்கலாமே என்று கேட்டபோது மாநில விளையாட்டுத் துறை அமைச்சர், பட்டினி கிடக்கிறவர்கள் ஆட்டம் பார்க்க வர வேண்டாம் என்ற பொருளில் பேசினார். இடதுசாரி அரசாங்கத்து அமைச்சர்! மக்கள் அப்படியே செய்தார்கள். இந்தியா 317 ரன் வித்தியாசத்தில் உலக சாதனையாக வென்றது. விராட் கோலி 166 அடித்தார். பெரும்பகுதி நாற்காலிகள் காலியாகக் கிடந்தன. அந்த மைதானமும் பல்கலைக்கழக நிலத்தில், 2015 தேசிய விளையாட்டுக்காக, ஐ.எல்.எப்.எஸ். என்ற நிதிக் கம்பெனியின் கையால் எழுந்தது. 2018இல் அந்தக் கம்பெனி கடனில் மூழ்கியது. பராமரிப்பு யார் பொறுப்பு என்ற இழுபறி அதற்குப் பின் ஓய்ந்தபாடில்லை. முதலாளியை நம்பி மைதானம் கட்டினாலும் இதே கதி.

நம் பிள்ளைகளுக்கு இன்னொரு தடை. பலருக்கு ரேஷன் கார்டு ஒரு மாநிலத்தில், பள்ளிக்கூடம் இன்னொரு மாநிலத்தில். இங்கே தேர்வு ஆட்டத்துக்குப் போனால் அந்தச் சான்றிதழ், அங்கே போனால் இந்தச் சான்றிதழ். பத்து நாள் கூலியை விட்டு அப்பன் தாலுகா ஆபீஸில் நின்றால்தான் பிள்ளை ஒரு நாள் கோர்ட்டில் நிற்க முடியும். பந்து கூடைக்குள் போவதைவிடத் தாள் மேசை தாண்டிப் போவது கடினம். அகதிப் பையனுக்குக் கனடா ஒரு தாளைக் கொடுத்தது; நம் பிள்ளைகள் சொந்த நாட்டுக்குள்ளேயே தாளுக்கு அலைகிறார்கள்.

ஆகவே தம்பி, முதலாளியாக ஆசைப்படாதே என்று உன்னிடம் சொல்ல மாட்டேன். முப்பது அணிகள்தான் அந்த லீகில்; முப்பதுக்கும் முதலாளிகள் இருக்கிறார்கள். கரமனையிலும் சாலையிலும் வளரும் நம் பிள்ளைகளோ ஆயிரக்கணக்கில். அந்த ஆயிரத்தில் நாலைந்து பேருக்கு மின்வாரியத்திலோ ரயில்வேயிலோ போலீசிலோ விளையாட்டால் வேலை கிடைப்பது நடக்கக்கூடிய காரியம். கண்ணால் கண்ட காரியம். அதற்குக் கேட்க வேண்டியவற்றை இப்போதே கேட்க வேண்டும்.

வரும் மாதாந்திரக் கூட்டத்தில் மூன்று விஷயங்களைத் தீர்மானமாகக் கொண்டுவர எண்ணியிருக்கிறேன். மாலை ஐந்து மணிக்குப் பூட்டு விழும் அரசுப் பள்ளிகளின் கூடைப்பந்துத் தளங்களை இரவு எட்டு வரை விளக்குப் போட்டுத் திறந்து வைக்க மாநகராட்சி ஏற்பாடு செய்ய வேண்டும். பொது மைதானத்தில் ஆடும் தனியார் கழகங்கள் அந்தந்த வட்டாரத்துப் பிள்ளைகளுக்கு இலவச இருக்கையும் வாரம் ஒரு நாள் பயிற்சியும் தர வேண்டும் என்பதை வாடகை ஒப்பந்தத்திலேயே எழுத வேண்டும். பொதுத்துறை நிறுவனங்களில் விளையாட்டு ஒதுக்கீட்டு நியமனம் எக்காரணத்தாலும் குறையக்கூடாது. அதில் இந்த மாநிலத்துப் பள்ளியில் படித்ததே போதுமான சான்று என்று கொள்ள வேண்டும். பெற்றோர் இருவரும் வேலைக்குப் போகும் வீடுகளிலிருந்து பிள்ளைகளைத் தளத்துக்கு அழைத்துப் போகவும் திரும்பக் கொண்டுவிடவும் ஆள் வேண்டும். அதற்கு முன்வருகிற அக்காமார்கள், அண்ணன்மார்கள் கூட்டத்துக்கு முன்பே செயலாளரிடம் பெயர் கொடுத்தால் மனுவோடு சேர்த்து அந்தப் பட்டியலையும் கொண்டுபோகலாம்.